மாலத்தீவில் ஏழாம், எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு திவெஹி கற்பிப்பது எப்படி?

தாய்மொழிதானே, இதில் என்ன சிரமம் என்று தோன்றும். ஆனால் அங்கே கணக்கும் அறிவியலும் ஆங்கிலத்தில்தான். வீட்டில் சரளமாகப் பேசுகிற பிள்ளைக்குக்கூட எழுத உட்கார்ந்தால் திவெஹிச் சொல் வராது.

நானாக இருந்தால் மரியாதை வழக்குக்குத்தான் அதிக நேரம் கொடுப்பேன். நம் நீ, நீங்கள் போல அவ்வளவு எளிதில்லை. மூன்று படிகள், ஆளைப் பொறுத்து வினைச்சொல்லே மாறும். விதியை ஒப்பிக்க வைக்காமல் சின்ன நாடகமாக நடிக்கவிட்டால் பிடித்துக்கொள்வார்கள்.

அப்புறம் திவெஹியை எழுதப் பயன்படும் ‘தானா’ எழுத்து. வலமிருந்து இடமாக எழுதும் 24 எழுத்துகள். முதல் ஒன்பதும் அரபு எண்களிலிருந்து பிறந்தவை, அடுத்த ஒன்பதும் பழைய உள்ளூர் எண்களிலிருந்து! இதைச் சொன்னால் தூங்குகிறவனும் நிமிர்வான். ரைவரு என்னும் பழைய திவெஹிப் பாடல்களையோ வெறுமனே வாசிக்க விடாதீர்கள், ராகம் போட்டுப் பாடவையுங்கள்.