கோயில் சுவர்ச் சிற்பத்தை அங்கேயே அச்சு எடுக்கலாமா?

டர்பனில் உங்கள் கோயில் சுவரில் இருக்கும் சின்ன மயிலை, பட்டறை வசதி இல்லாமல் அச்சு எடுக்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக முடியும். இரண்டு டப்பாவாக வரும் சிலிகான் பட்டி (putty, மாவுபோல் பிசையும் அச்சுப் பொருள்) வாங்குங்கள்; செங்குத்துச் சுவரிலும் வழியாது. சம அளவு எடுத்து, நிறம் கோடில்லாமல் ஒன்றாகும்வரை பிசைந்து, மயிலின் கழுத்து மடிப்பில் தொடங்கி வெளிப்பக்கமாக அழுத்துங்கள். அப்போதுதான் காற்று ஓரமாக வெளியேறும். நீரில் கலக்கும் அச்சுப் பொடியான ஆல்ஜினேட் மலிவுதான், ஆனால் நீர் வற்றிச் சுருங்கிவிடும். உடனே பிளாஸ்டர் ஊற்றியாக வேண்டும்.

எனக்குச் சுவரைப் பற்றித்தான் கவலை. வண்ணம் பூசாத சுண்ணாம்புப் பரப்பு சிலிகானின் எண்ணெயை உறிஞ்சிக் கறையாகலாம். உதிரும் வண்ணம் அச்சோடு உரிந்து வரும். மறைவான மூலையில் சோதித்துப் பார்த்த பிறகே மயிலைத் தொடுங்கள். அதற்கும் முன்னால் கோயில் குழுவிடம் கேளுங்கள்; 60 ஆண்டைத் தாண்டிய கட்டடங்களுக்கு தென்னாப்பிரிக்காவின் 1999ஆம் ஆண்டு மரபுரிமைச் சட்டத்தின் பாதுகாப்பு உண்டு.