பணிமூப்பு: தரவரிசையா, சேர்ந்த தேதியா?

பண்ருட்டி ஆசிரியருக்கு வணக்கம். ஆசிரியர் தேர்வு வாரியத்தின் (டிஆர்பி) தரவரிசையில் உங்களுக்குப் பின்னால் இருந்தவர், நான்கு நாள் முந்திப் பணியில் சேர்ந்ததால் முதுகலை ஆசிரியர் பதவி உயர்வுப் பட்டியலில் மேலே போய்விட்டார் என்கிறீர்கள். ஒரே தேர்வில் வந்தவர்களுக்குத் தரவரிசைதான் கணக்கு. டிஆர்பி தேர்வுப் பட்டியலைக் காட்டி, தலைமையாசிரியர் வழியாக உடனே ஆட்சேபணை கொடுங்கள். நகலில் பெற்றுக்கொண்டதற்கான தேதியிட்ட ஒப்புதல் வாங்காமல் திரும்பாதீர்கள். வாய்ப்பேச்சு கோர்ட்டில் நிற்காது. தேர்வுப் பட்டியல் கையில் இல்லையென்றால் 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டித் தகவல் உரிமை மனு போடுங்கள்.

அசையாவிட்டால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசு நடவடிக்கையை எதிர்க்கும் மனு) போடுங்கள். (புதுச்சேரி அரசுப் பள்ளியென்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்.) சங்கடமாக இருந்தாலும் பட்டியலில் மேலே போன அந்த ஆசிரியரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள்; பாதிக்கப்படுபவரை விட்டுவிட்டால் அதற்காகவே மனு தள்ளுபடியாகலாம்.