யாரையும் சார்ந்திராமல்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பதினான்கு வருடமாக மென்பொருள் வேலை. அலுத்துவிட்டது. வேலையை விட்டுவிட்டுக் கொஞ்சம் நிலம் வாங்கி, யாரையும் சார்ந்திராமல், வேண்டியதை நானே விளைவித்து வாழ நினைக்கிறேன். மனைவி, மகள் என்று மூன்று பேர். ஓர் ஏக்கர் போதுமா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

ஓர் ஏக்கர் போதுமா என்பதை அந்த மண்ணும் தண்ணீரும்தான் சொல்ல வேண்டும். அலுப்பு களையெடுப்பதிலும் உண்டு. அதை விடுங்கள். 'யாரையும் சார்ந்திராமல்' என்று எழுதியிருக்கிறீர்களே, அதுதான் என்னை இந்தப் பதிலை எழுத வைத்தது.

முப்பது வயதில் இதே சொற்களோடுதான் நானும் ஒரு நண்பரின் நிலத்தில் போய்த் தங்கினேன். நாற்று நட்ட வாரமே காய்ச்சல் வந்து நாலு நாள் படுத்துவிட்டேன். எழுந்து போய்ப் பார்த்தால் பாத்திகள் ஈரமாக இருந்தன. பக்கத்து நிலத்துக்காரர் தன் வேலை முடித்து, இருட்டியபிறகு வந்து தண்ணீர் ஊற்றியிருக்கிறார். அதற்கு முன் இரண்டு மாதமாக அவரிடம் நான் நின்று பேசியதுகூட இல்லை. யாரிடமும் எதையும் கேட்கக் கூடாது என்ற வீம்பு. அன்று அவர் முன்னால் நின்றபோது எனக்குப் பேச்சு வரவில்லை. இத்தனை வருடம் கழித்தும் அந்த ஈரப் பாத்திகள் கண்ணில் நிற்கின்றன.

1910இல் ஜோகன்னஸ்பர்க் அருகே காந்தி தொடங்கிய டால்ஸ்டாய் பண்ணையை எடுத்துக்கொள்ளுங்கள். 1100 ஏக்கர். நண்பர் காலன்பாக் வாங்கி, வாடகை கேட்காமல் கொடுத்த நிலம். சத்தியாக்கிரகிகளின் குடும்பங்கள், தமிழ்க் குடும்பங்களும்தான், அங்கே தங்கின. தங்கள் செருப்பைத் தாங்களே தைத்துக்கொண்டார்கள். ஆனால் அந்தத் தொழிலைக் காலன்பாக் டிராப்பிஸ்ட் என்ற கத்தோலிக்கத் துறவிகளின் மடம் ஒன்றில் போய்க் கற்று வந்தார். அவரிடம் காந்தி கற்றார், காந்தியிடம் மற்றவர்கள் கற்றார்கள். ஒரு ஜோடி செருப்புக்குப் பின்னால் எத்தனை பேர்!

உங்கள் மேல் எனக்குக் கோபமும் இருக்கிறது. கடிதத்தில் மனைவியும் மகளும் ஏக்கர் கணக்குக்காக மட்டும்தான் வருகிறார்கள். அவர்களிடம் கேட்டீர்களா? கேட்காமலே முடிவெடுத்துவிட்டீர்கள் என்றால் அது சரியே இல்லை.

ராஜினாமா இப்போது வேண்டாம். நீண்ட விடுப்பு எடுத்து, ஒரு கோடை முழுக்க வேறொருவர் நிலத்தில் மூவரும் வேலை செய்து பாருங்கள். அப்புறம் எனக்கு எழுதுங்கள். அந்தக் கடிதத்தை உங்கள் மனைவி எழுதினால் நல்லது.