தபால் பையோட நடந்த பாட்டுக்காரர்

அன்புள்ள அண்ணா,

போன வாரம் ஜான் பிரைன்னு ஒரு அமெரிக்கப் பாட்டுக்காரர் பத்தி ரெண்டு வரி எழுதியிருந்தீங்க, அவர் போஸ்ட்மேனா இருந்தவர்னு. நானும் கூரியர் டெலிவரி பண்றவன்தான், பாட்டு எழுதுறேன். பகல் பூரா பைக்லயே போயிடுது, இதுல ஒரு ஆச்சி கையெழுத்துப் போட வந்தா கால் மணி நேரம் பேசி நிறுத்திடுறாங்க. வேலைய விட்டாத்தான் எழுத வரும்னு தோணுது. அவர் எப்போ வேலைய விட்டார்?

ஒரு வாசகர், திருநெல்வேலி

அன்புள்ள தம்பி,

பாடி காசு வர ஆரம்பிச்சப்புறம்தான் விட்டார். ஆனா அவரோட முதல் ஆல்பத்துல இருக்கற பெரிய பாட்டுங்க தபால் பையோட நடந்த காலத்துலயே வந்துடுச்சு, அதத்தான் நீ கவனிக்கணும்.

1946ல சிகாகோ பக்கம் மேவுட்ல பொறந்தவர், அண்ணன்கிட்ட கிட்டார் கத்துக்கிட்டார், ராணுவத்துல சேத்து ஜெர்மனிக்கு அனுப்பினாங்க, திரும்பி வந்து மறுபடியும் தபால் வேலை. ரூட் பழகிட்டா காலு தானா போகும், மனசு சும்மாதான இருக்கும், அதுல வரிய ஓட்டிக்கிட்டே போவார். சின்ன வயசுல ஃப்ரெண்டுக்கு ஒத்தாசையா ஒரு முதியோர் இல்லத்துல பேப்பர் போடப் போயிருக்கார், அங்க சில பெரியவங்க இந்தப் பையன் என் பேரன், என்னப் பாக்க வந்திருக்கான்னு பாவனை பண்ணிக்குவாங்களாம். அது உள்ளயே கெடந்து, இருபது சொச்சம் வயசுல ‘ஹலோ இன் தேர்’னு பாட்டா வந்துச்சு, புள்ளைங்க எல்லாம் போனப்புறம் வீட்டுல தனியா இருக்கற ஒரு வயசான தம்பதியோட பாட்டு. அத முதல்ல கேட்டப்போ எனக்குத் தொண்டை அடச்சுடுச்சு.

1969ல சிகாகோவுல ஒரு சின்ன கிளப்ல முதல் தடவையா மேடை ஏறி இந்தப் பாட்டையும் இன்னும் ரெண்டையும் பாடினார், முடிச்சதும் ஒரு சத்தமும் இல்ல, சரி ஊத்திக்கிச்சுன்னு நெனச்சார், அப்புறம்தான் கைதட்டு வந்துச்சு. அடுத்த வருஷம் சினிமா விமர்சகர் ரோஜர் ஈபர்ட் அவரப் பத்தி பேப்பர்ல எழுதறப்போகூட பாடும் போஸ்ட்மேன்னுதான் எழுதினார். 1971ல முதல் ஆல்பம். பெரிய கம்பெனிங்க சரிப்பட்டு வரலன்னு பின்னாடி சொந்தமா ஒரு கம்பெனி, கிராமின்னு அமெரிக்கால பெரிய இசை விருது, அதெல்லாம் நீயே தேடிப் படிச்சுக்கோ. 1998ல கழுத்துல கேன்சர், ஆபரேஷனுக்கு அப்புறம் குரல் கரகரன்னு கீழ எறங்கிடுச்சு, அந்தக் குரல்லயே இன்னும் இருபது வருஷம் பாடினார். எனக்கு அந்தக் குரல்தான் ரொம்பப் பிடிக்கும். 2020 ஏப்ரல்ல கொரோனா கொண்டுபோயிடுச்சு, 73 வயசு.

அவங்க அப்பாவோட ஊர் அமெரிக்காவுல கென்டக்கி மாநிலத்துல பாரடைஸ், நிலக்கரிக்காக அந்தப் பக்கத்தையே தோண்டித் தள்ளிட்டாங்க. அதப் பத்தின பாட்ட டேப்ல பதிஞ்சு அப்பாகிட்ட கொண்டுபோய் போட்டப்போ அவர் எந்திரிச்சு பக்கத்து ரூமுக்குப் போயிட்டாராம், காசு போட்டா பாட்டு பாடுற ஜூக்பாக்ஸ் மெஷின்ல கேக்கற மாதிரி இருக்கணும்னு, இருட்டுல உக்காந்து கேட்டாராம். நம்ம பாட்ட அப்படிக் கேக்க ஒரு ஆள் இருந்தா போதும் தம்பி.

வேலைய இப்போ விடாத. அந்த ஆச்சி கால் மணி நேரமும் என்னதான் பேசினாங்க, அத நீ எழுதவே இல்லையே, அடுத்த கடிதத்துல அத எழுதி அனுப்பு.