ஓசூரின் பேச்சு – கடிதமும் பதிலும்

வணக்கம் ஐயா,

என் அப்பா திண்டுக்கல் பக்கத்துக் கிராமத்திலிருந்து 1984ல் ஓசூருக்கு வந்தவர். டிரெய்னியாகச் சேர்ந்து, பர்மனென்ட் ஆகி, இங்கேயே வீடும் கட்டிவிட்டார். நான் பிறந்ததும் பள்ளியில் படித்ததும் இங்கேதான். கல்லூரிக்கு மட்டும் மூன்று வருடம் மதுரையில் இருந்தேன். அங்கே நான் "வந்துகினு இருக்கேன்" என்றால் சிரிப்பார்கள். ஒருமுறை "கொல்லையில ராகி போட்டிருக்காங்க" என்றேன். "வீட்டுக்குப் பின்னாடி யாருடா கேப்பை விதைப்பா?" என்று கேட்டு, அன்றிலிருந்து என்னைக் கன்னடக்காரன் என்றே கூப்பிட்டார்கள். அப்பாவிடம் சொன்னேன். "1980க்கு முன்னாடி இந்த ஊர் வெறும் பொட்டல். எல்லா ஊர்க்காரனும் வந்து சேர்ந்த இடம். பேச்சும் கலப்படமாத்தான் இருக்கும்" என்றார். எங்கள் ஊருக்கு என்று ஒரு வரலாறு உண்டா? நாங்கள் பேசுவது ஒரு வட்டார வழக்கா, இல்லை வெறும் கலப்படமா?

ச., ஓசூர்

அன்புள்ள ச.,

உங்கள் கேள்விக்கு விடை உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. அப்பா திண்டுக்கல்காரர். வீட்டில் அவர் "வந்துக்கிட்டு" என்றுதான் சொல்லியிருப்பார். உங்களுக்கு "வந்துகினு" எங்கிருந்து வந்தது? தெருவிலிருந்தும் பள்ளிக்கூடத்திலிருந்தும்தான். ஊருக்கென்று ஒரு பேச்சு இல்லாமல் இருந்திருந்தால் உங்களை அது இப்படித் தன் பக்கம் இழுத்திருக்க முடியாது. நீங்கள் உங்கள் அப்பாவின் தமிழையே பேசிக்கொண்டிருப்பீர்கள்.

முதலில் அந்த "கினு"வைப் பார்த்துவிடுவோம். அது கன்னடமே அல்ல. கிருஷ்ணகிரி தொடங்கி வேலூர், சென்னை வரை வடதமிழ்நாடு முழுக்கப் புழங்கும் தமிழ்தான். எழுத்தில் "வந்துகொண்டு" என்கிறோம். வடக்கே அது "வந்துகினு" என்று தேய்ந்தது, தெற்கே "வந்துக்கிட்டு" ஆனது. எழுத்துத் தமிழிலிருந்து உங்கள் நண்பர்கள் விலகிய அளவுதான் நீங்களும் விலகியிருக்கிறீர்கள். கொல்லை என்பதும் அப்படித்தான். தஞ்சாவூர், மதுரைப் பக்கம் அது வீட்டின் பின்புறம். உங்கள் பக்கத்திலும் வட ஆர்க்காட்டிலும் அது மழையை நம்பிய புன்செய் நிலம். முல்லை நிலத்து வயலைக் குறித்த பழைய சொல் அது. அந்தப் பொருளை விடாமல் வைத்திருப்பவர்கள் நீங்கள். இதற்காக நீங்கள் வெட்கப்பட வேண்டியதில்லை.

சரி, ஊருக்கு வருவோம்.

சந்திரசூடேசுவரர் மலைக்கோயில் கல்வெட்டுகளில் ஊரின் பழைய பெயர் செவிடபாடி. ஓசூர் என்பது பின்னால் வந்த கன்னடப் பெயர். ஹொச என்றால் புது. பழங்கன்னடத்தில் அது "பொச". நம்முடைய "புது"வும் அதுவும் ஒரே வேரில் பிறந்தவை. கன்னடத்தில் ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய ஒரு மாற்றத்தில், சொல்லின் முதலில் வரும் பகரம் மெல்ல ஹகரமானது. பால் ஹாலு ஆனது, புலி ஹுலி ஆனது, பூ ஹூ ஆனது, பள்ளி ஹள்ளி ஆனது. அப்படிப் பார்த்தால் உங்கள் ஊரின் பெயர் புதூர். தெலுங்கில் கொத்தூர் என்றாலும் புதூர்தான். அந்தப் பெயரிலும் உங்கள் சுற்றுவட்டாரத்தில் ஊர்கள் இருக்கின்றன.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது "அள்ளி". தர்மபுரிப் பக்கம் மாரண்டஅள்ளி என்று பேருந்துப் பலகையில் பார்த்திருப்பீர்கள். தமிழிலும் கன்னடத்திலும் பொதுவாக இருந்த "பள்ளி" கன்னட வாயில் "ஹள்ளி" ஆனது. தமிழ் நாக்குக்கு ஹகரம் பழக்கமில்லை, அதனால் அதை விட்டுவிட்டு "அள்ளி" என்றது. அதே வட்டாரத்தில் தொரப்பள்ளி, கெலவரப்பள்ளி, பேரண்டபள்ளி என்று பழைய உருவமும் இருக்கிறது. ஒரே சொல் வேறொரு மொழிக்குள் போய் உருமாறி, திரும்பி வந்து தன் பழைய உருவத்துக்குப் பக்கத்திலேயே குடியிருக்கிறது. இதைக் கலப்படம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பாலில் தண்ணீர் கலந்தால் கலப்படம். இங்கே கலந்திருப்பவை ஒரே வயிற்றுப் பிள்ளைகள். நீங்கள் கொல்லை என்று சொல்லும் நிலத்தைக் கன்னடக்காரர் ஹொல என்பார், தெலுங்குக்காரர் பொலம் என்பார். இரண்டும் நம் "புலம்"தான்.

மொழிகள் ஏன் இங்கே இப்படி நெருங்கிக் கிடக்கின்றன என்பதற்கு நிலத்தைப் பார்க்க வேண்டும். கிருஷ்ணகிரியிலிருந்து சூளகிரி வழியாக ஓசூருக்கு வரும்போது வண்டி ஏறிக்கொண்டே வருவதைக் கவனித்திருப்பீர்கள். ஓசூர் கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 900 மீட்டர் உயரத்தில், மைசூர்ப் பீடபூமியின் விளிம்பில் இருக்கிறது. பழைய சேலம் மாவட்டத்தை மூன்று பகுதிகளாகச் சொல்வார்கள்: தாலாகாட், பாரமகால், பாலாகாட். பாலாகாட் என்றால் கணவாய்க்கு மேலே உள்ள நிலம். அதுதான் ஓசூர்ப் பகுதி. கணவாய்க்குக் கீழே கிருஷ்ணகிரி, தர்மபுரிப் பக்கம் இருந்த பாரமகால் 1792ல் சீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி ஆங்கிலேயர் கைக்குப் போனது. ஓசூர்ப் பகுதி 1799ல் திப்பு வீழ்ந்த பிறகுதான் போய்ச் சேர்ந்தது. நிலத்தால் மைசூரோடும் நிர்வாகத்தால் சேலத்தோடும் ஒட்டிக்கொண்ட ஊர் உங்களுடையது. அந்த இரட்டை வாழ்க்கை அன்றைக்கே தொடங்கிவிட்டது.

அதற்கும் முன்னால், 13ஆம் நூற்றாண்டில், ஹொய்சள அரசன் ராமநாதன் உங்கள் மாவட்டத்துக் குந்தாணியைத் தலைநகராக வைத்து ஆண்டான். கன்னட வம்சத்தைச் சேர்ந்தவன், ஆனால் அவன் காலத்துக் கல்வெட்டுகள் பல தமிழில் இருக்கின்றன. எந்த மொழிக்காரர் ஆண்டாலும் பக்கத்து மொழிக்கும் இடம் இருந்தது. மொழிவாரி மாநிலங்கள் 1956ல் வந்தபோது இந்த நிலத்தில் கோடு போடுவது எளிதாக இருக்கவில்லை. ஓசூர்த் தாலுகாவில் வீட்டில் தெலுங்கும் கன்னடமும் பேசியவர்கள் சேர்ந்தால் தமிழ் பேசியவர்களைவிட அதிகம். 1960ல் ஆந்திராவுடன் எல்லை மாற்றம் நடந்து திருத்தணி நம் பக்கம் வந்தபோது, சேலம் மாவட்டத்திலிருந்தும் சில கிராமங்கள் அந்தப் பக்கம் போயின. கோடு அங்குமிங்கும் நகர்ந்தது. வீடுகளும் பேச்சும் இருந்த இடத்திலேயே இருந்தன.

"வெறும் பொட்டல்" என்று அப்பா சொல்வதையும் ஒரு கை பார்க்க வேண்டும். மத்திகிரி கால்நடைப் பண்ணை 1824ல் தொடங்கியது, கிழக்கிந்தியக் கம்பெனியின் படைக்குக் குதிரை வளர்ப்பதற்காக. 1,600 ஏக்கருக்கு மேல் பரந்த அந்தப் பண்ணையை ஓசூரின் முதல் பெரிய "கம்பெனி" என்றே சொல்லலாம். ராஜாஜி 1878ல் பிறந்தது தொரப்பள்ளியில், பள்ளிப் படிப்பு ஓசூரில், மேற்படிப்புக்குப் போனது பெங்களூர். இன்றைக்கும் ஓசூர்ப் பிள்ளைகள் பலருக்கு அதே வழிதான்.

ஆனால் அப்பா சொல்வதில் ஒரு பாதி உண்மை. அவர் கண்ணால் கண்டது அதுதான். தொழிற்பேட்டைகள் அமைக்கும் தமிழக அரசு நிறுவனமான சிப்காட் 1971ல் உருவானது, அந்தப் பத்தாண்டிலேயே ஓசூரில் தொழிற்பேட்டைக்கு நிலம் எடுத்தார்கள். அன்றைய தர்மபுரி மாவட்டம் பின்தங்கிய மாவட்டம், அதனால் தொழில் தொடங்குவோருக்குச் சலுகைகள் கிடைத்தன. நாற்பது கிலோமீட்டரில் பெங்களூர். அங்கே விமான நிலையமும் இயந்திரத் தொழில் தெரிந்த ஆட்களும் இருந்தார்கள். தமிழ்நாட்டுச் சலுகையும் பெங்களூர் வசதியும் சேர்ந்து கிடைத்த இடம் இது ஒன்றுதான். எல்லையில் இருந்ததாலேயே ஓசூர் தொழில்நகரம் ஆனது. 1980ல் இங்கிருந்து டிவிஎஸ் 50 வெளிவந்தது. அதே ஆண்டு அசோக் லேலண்ட் ஆலையும் வந்தது. டாடாவும் தமிழக அரசின் தொழில் வளர்ச்சி நிறுவனமான டிட்கோவும் சேர்ந்து 1984ல் தொடங்கிய டைட்டன், 1987ல் இங்கே கைக்கடிகாரம் செய்ய ஆரம்பித்தது. தமிழ்நாட்டின் சிறு ஊர்களிலிருந்து பள்ளி முடித்த பிள்ளைகள் பெட்டியோடு வந்து இறங்கினார்கள். உங்கள் அப்பாவும் அப்படி வந்தவர்தான்.

நானும் ஓசூரில் ஒன்பது வருடம் இருந்தேன். லைன் வீடு, ஆறு குடித்தனம், நடுவில் ஒரு குழாய். வீட்டுக்கார அம்மாள் வீட்டுக்குள் தெலுங்கு, எங்களிடம் தமிழ். தயிர்க்காரியிடம் கன்னடம். கேரளத்துப் பையன் ஒருவன் குடிவந்தபோது, இரண்டே மாதத்தில் அவனுக்குத் தேவையான மலையாளத்தையும் கற்றுக்கொண்டார். உழவர் சந்தையில் கத்தரிக்காய் விற்கிறவர் வருகிற ஆளின் முகத்தைப் பார்த்தே மொழியை மாற்றுவார். விலை தெலுங்கில், பேரம் தமிழில், மீதிச் சில்லறை கொடுக்கும்போது அடுத்த ஆளிடம் கன்னடம். மொழி மாறுகிறது என்ற நினைப்பே அவரிடம் இருக்காது. பள்ளிக்கூடம் அதிகம் போகாத அந்த மனிதரிடம் இருந்த திறமைக்கு நான் இன்றும் மரியாதை வைத்திருக்கிறேன்.

ஆலைக்குள்ளே வேறு ஒரு தமிழ் இருந்தது. கேண்டீனில் திருநெல்வேலி, ராமநாதபுரம், சேலம், வேலூர் எல்லாம் ஒரே மேசையில். முதல் மாதம் ஊர்ப்பேச்சு காதில் விழும். அப்புறம் ஒவ்வொருவரும் தன் ஊருக்கே உரிய சொற்களை ஒளித்துக்கொள்வார்கள். "ஏல" போய்விடும், "டே" வந்துவிடும். ஷிப்ட், லைன், ஓ.டி. (ஓவர்டைம்), காண்ட்ராக்ட் என்று எல்லாருக்கும் பொதுவான சொற்கள் மேலே ஏறிவிடும். எந்த ஊருக்கும் சொந்தமில்லாத ஒரு நடுத்தமிழ் அது. அப்பா "கலப்படம்" என்று சொல்வது இந்தக் கேண்டீன் தமிழை மனதில் வைத்துத்தான் என்று நினைக்கிறேன். அவருடைய வாழ்க்கையில் பெரும்பகுதி அங்கேதான் கழிந்தது. உங்களுடையது வேறு. நீங்கள் தெருவில் கோலி விளையாடியவர். உங்களுக்குக் கிடைத்தது ஊரின் தமிழ்.

ஒரு வருத்தத்தையும் சொல்ல வேண்டும். தமிழ் கற்றல் சட்டம் 2006ல் வந்தது. ஓசூர்ப் பகுதியில் தெலுங்கு, கன்னட, உருது வழிப் பள்ளிகளிலும் தமிழ் பாடமானது. தமிழ்நாட்டில் வளரும் பிள்ளை தமிழ் எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும், அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அந்தப் பிள்ளையின் வீட்டு மொழி அவனுக்கு எழுத்தாகவும் கிடைக்க வேண்டும். ஓசூர்த் தெலுங்கில் கதை எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள், தங்கள் ஊர்ப் பேச்சிலேயே எழுதுகிறார்கள். அதைப் படிக்க அடுத்த தலைமுறையில் ஆள் இல்லாமல் போனால் நட்டம் தெலுங்குக்கு மட்டுமில்லை. அந்தப் பேச்சுக்குள் நம்முடைய சொற்களும் இருக்கின்றன. இப்போது புதிய ஆலைகளுக்கு ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் பிள்ளைகள் வருகிறார்கள். உங்கள் அப்பா பெட்டியோடு வந்து நின்ற இடத்தில் இன்று அவர்கள் நிற்கிறார்கள். சந்தைக்காரர் இந்நேரம் இந்தியும் பேச ஆரம்பித்திருப்பார்.

உங்களுக்கு ஒரு வேலை தருகிறேன். மார்கழிப் பனியில் அவரைக்காய் வரும்போது, கொட்டையை ஊறவைத்து ஒவ்வொன்றாக விரலால் அழுத்தித் தோலை நீக்கிக் குழம்பு வைப்பார்களே, அதை உங்கள் தெருவில் எத்தனை பெயர்களில் சொல்கிறார்கள் என்று கேட்டு எழுதுங்கள். தமிழ் வீட்டில் பிதுக்கு பருப்பு. கன்னட வீட்டில் ஹிதகபேளே. பகரம் ஹகரமாகிவிட்டது, மற்றபடி அதே பிதுக்கல்தான். தெலுங்கு வீட்டில் கேட்டு எழுத எனக்கு வாய்க்காமல் போய்விட்டது. அப்படியே உங்கள் அம்மாவிடமும் கேளுங்கள். திண்டுக்கல் பக்கத்து அடுப்பில் அவர் இதைக் கற்றிருக்க மாட்டார், ஓசூரில்தான் யாரோ பக்கத்து வீட்டு அம்மாள் சொல்லிக் கொடுத்திருப்பார். அவர் வாயில் என்ன பெயர் வருகிறது என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசை.

அன்புடன்