துருக்கி ஃபேண்டசி காமிக்ஸ் கலைஞர் காலிப் தெகினின் கதைகள் டிவி தொடராக வந்தனவா?

வந்திருக்கின்றன. 2012-ல் துருக்கியின் ஸ்டார் டிவியில் 'அஜாயிப் ஹிக்காயெலர்' என்ற தொடராக ஒளிபரப்பானது. விசித்திரக் கதைகள் என்று அர்த்தம்.

ஓகுஸ் அரால் நடத்திய 'கிர்கிர்' நகைச்சுவை இதழில் வளர்ந்தவர் தெகின். சிரிக்க வைக்கும் பக்கங்களுக்கு நடுவே வேற்றுக்கிரகவாசி, பேய், அமானுஷ்யம் என்று வரைந்து தள்ளினார். சில பக்கங்களிலேயே முடிந்துவிடும் கதைகள். அதனால் வாரம் ஒரு தனிக்கதையாக எடுக்கத் தோதாக இருந்தது.

ஆனால் சிக்கலும் அங்கேதான். காகிதத்தில் ஒரு பூதத்தை வரைய பேனாவும் மையும் போதும். டிவியில் அதற்கே மேக்கப், கிராஃபிக்ஸ், பட்ஜெட் என்று எல்லாம் வேண்டும். பக்கத்தைத் திருப்பியதும் வரும் அதிர்ச்சியை கேமராவில் கொண்டுவருவது அதைவிடக் கஷ்டம்.

தெகின் 2017-ல் காலமானார். என்னைக் கேட்டால், முதலில் அவருடைய காமிக்ஸைப் பாருங்கள், அப்புறம் தொடர்.