வாசகர் கேள்விகள்: தரையில் நடக்கும் வான்பயிற்சி

கேள்வி: விமானிகள் பயிலும் சிமுலேட்டர் கட்டடத்துக்குள் நிற்கும் ஒரு பெட்டிதானே? ஓடுபாதையில் வேகமெடுக்கும்போது முதுகு இருக்கையில் அழுந்துகிற உணர்வை அது எப்படித் தருகிறது?

பதில்: காதை ஏமாற்றித்தான். உடல் முன்னோக்கி விரைவதையும் தலை பின்பக்கம் சாய்வதையும் உட்காதின் சமநிலை உறுப்பால் பிரித்தறிய முடியாது; அந்த ஐயத்தைத் தீர்த்துவைப்பது கண்ணே. நீண்டு சுருங்கும் ஆறு கால்களின் மேல் நிற்கும் அந்தப் பெட்டி, முதலில் சற்றே முன்னால் உந்திவிட்டு, பிறகு மூக்கு உயரும்படி மெல்லச் சாய்கிறது. திரையிலோ ஓடுபாதை மட்டமாகவே எதிரே விரைந்து வருகிறது. முதுகு அழுந்துகிறது, கண்ணுக்குச் சாய்வு தெரியவில்லை, ஆகவே வேகமெடுக்கிறோம் என்று மூளை முடிவுகட்டிவிடுகிறது. சாய்வதை உள்ளே இருப்பவர் உணராத அளவுக்கு மெதுவாகச் சாய்ப்பதில்தான் பொறியாளரின் கைத்திறன் இருக்கிறது. (1929இல் எட்வின் லிங்க் உருவாக்கிய பயிற்சிப் பெட்டி, அவருடைய குடும்பத் தொழிலில் ஆர்கன் இசைக்கருவிக்குப் பயன்பட்ட துருத்திகளைக் கொண்டே அசைந்தது.) ஆனால் போர் விமானம் கூர்மையாகத் திரும்பும்போது உடலை நீண்ட நேரம் நசுக்கும் விசையை இந்தத் தந்திரத்தால் தர முடியாது. அதற்கு மனிதரை உட்காரவைத்துச் சுழற்றும் மையவிலக்கு எந்திரம் தனியாக உண்டு.

கேள்வி: வான்வழிப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்களுக்கும் சிமுலேட்டர் உண்டா? அதில் விமானியாகப் பேசுவது யார்?

பதில்: உண்டு. பயிற்சி பெறுபவர் முன்னால் இருப்பது உண்மையான ரேடார் திரையைப் போன்ற திரை. அதில் நகரும் புள்ளிகளை, வேறோர் அறையில் அமர்ந்திருக்கும் 'போலி விமானிகள்' இயக்குகிறார்கள். ஒருவரே பல விமானங்களுக்குக் குரல் கொடுத்துக்கொண்டு, கிடைக்கும் உத்தரவுகளை விசைப்பலகையில் தட்டி அந்தந்தப் புள்ளியைத் திருப்புவார், ஏற்றுவார், இறக்குவார். என்னைக் கேட்டால், இந்தப் பயிற்சியின் உயிர்நாடி திரையைவிட அந்தக் குரல்களில்தான் இருக்கிறது. 'மட்டம் 310க்கு இறங்குக' (அதாவது 31,000 அடி உயரத்துக்கு) என்று பயிற்சி பெறுபவர் சொல்ல, போலி விமானி வேண்டுமென்றே '330' என்று திருப்பிச் சொல்வார். நான்கு விமானங்கள் வரிசையில் காத்திருக்க, அந்த ஓர் இலக்கப் பிசகைக் காது பிடித்துவிடுகிறதா என்பதுதான் சோதனை. செங்குத்தாக 1,000 அடி இடைவெளியில் விமானங்கள் ஒன்றன்மேல் ஒன்றாகப் பறக்கும் வானில், கவனிக்கப்படாத அத்தகைய பிசகு இன்னொரு விமானத்தின் மட்டத்தில் கொண்டுபோய் விடக்கூடும்.

கேள்வி: கட்டுப்பாட்டாளர் 'இறங்கு' என்கிறார்; விமானத்தில் உள்ள மோதல் தவிர்ப்புக் கருவி 'ஏறு' என்கிறது. விமானி யார் பேச்சைக் கேட்க வேண்டும்?

பதில்: கருவியின் பேச்சைத்தான். இரு விமானங்களின் டிரான்ஸ்பாண்டர்களும் (விமானத்தின் அடையாளத்தையும் உயரத்தையும் வானொலி அலையில் அறிவிக்கும் கருவிகள்) தமக்குள் தொடர்புகொண்டு, ஒன்றை மேலேயும் மற்றதைக் கீழேயும் போகச் சொல்லுகின்றன. ஆகையால் ஒருவர் மட்டும் மீறினாலும் அந்த ஏற்பாடு குலைந்துவிடும். 2001 ஜனவரியில் ஜப்பான் வானில், பயிற்சியிலிருந்த கட்டுப்பாட்டாளர் ஒருவர் விமான எண்ணை மாற்றிச் சொன்னதில் இரு பயணிகள் விமானங்கள் மயிரிழையில் தப்பின. ஒரு விமானி கட்டுப்பாட்டாளர் சொன்னபடியும் மற்றவர் கருவி சொன்னபடியும் இறங்கியிருந்தார்கள். மறு ஆண்டு ஜூலை 1 அன்று, ஜெர்மனியின் ஊபர்லிங்கன் நகருக்கு மேலே அதே முரண்பாடு 71 உயிர்களைப் பறித்தது. அன்றிரவு அந்த வான்பகுதிக்குப் பொறுப்பாக ஒரே ஒருவர் இரண்டு திரைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பதையும், பராமரிப்புப் பணிக்காக அவருடைய கருவிகள் சில முழுமையாக இயங்கவில்லை என்பதையும் சேர்த்தே அந்த விபத்தைப் படிக்க வேண்டும். அதன்பின் விதி ஐயத்துக்கு இடமில்லாமல் தெளிவாக்கப்பட்டது: கருவி சொல்வதைப் பின்பற்றுவதாக விமானி அறிவித்துவிட்டால், கட்டுப்பாட்டாளர் அந்த விமானத்தின் பாதையை மாற்ற உத்தரவிடக் கூடாது.

கேள்வி: நியூயார்க்கின் ஹட்சன் ஆற்றில் இறங்கிய விமானம் ஓடுபாதைக்கே திரும்பியிருக்கலாம் என்று சிமுலேட்டரில் தெரிந்ததாமே? அப்படியானால் விமானியின் முடிவு தவறா?

பதில்: இல்லை. 2009 ஜனவரி 15 அன்று பறவைக் கூட்டம் மோதி இரு என்ஜின்களும் உந்துவிசை இழந்த அந்த விமானத்தின் நிலையைச் சிமுலேட்டரில் மறுபடி அமைத்தபோது, சில ஓட்டங்களில் விமானம் ஓடுபாதையை எட்டியது மெய்தான். ஆனால் அவற்றில் விமானிகள், என்ன நடக்கப்போகிறது என்பதை முன்னரே அறிந்து, பறவை மோதிய கணமே திரும்பினார்கள். நடந்ததைப் புரிந்துகொள்ளவும் தீர்மானிக்கவும் மனிதருக்கு வேண்டிய நேரமாக 35 வினாடிகளைச் சேர்த்துப் பார்த்தபோது ஓடுபாதை எட்டவில்லை. இப்படிப்பட்ட ஒத்திகை முடிவுகளைப் படிக்கும்போதெல்லாம், உள்ளே இருந்தவருக்கு என்ன முன்கூட்டியே தெரிந்திருந்தது என்பதையே முதலில் கேட்க வேண்டும். ஆற்றில் இறங்கும் முடிவே உயிர்பிழைக்க மிகுந்த வாய்ப்பைத் தந்தது என்று அமெரிக்க விசாரணை வாரியமும் கூறியது. விமானத்தில் இருந்த 155 பேரும் பிழைத்தார்கள்.

கேள்வி: வீட்டுக் கணினியில் ஆர்வத்துக்காகக் கட்டுப்பாட்டாளராகப் பயில வழியுண்டா?

பதில்: உண்டு. வாட்சிம் போன்ற இணைய வலையமைப்புகளில், ஒருவர் விமானியாகவும் இன்னொருவர் கட்டுப்பாட்டாளராகவும் இருந்து, முறையான வானொலிச் சொற்றொடர்களிலேயே பேசிப் பழகலாம். சொற்றொடர்களும் திரையை வாசிக்கும் பழக்கமும் கைவரும். உண்மையான பணிக்கு உரிமமும் மருத்துவத் தகுதிச் சான்றும் தனியே பெற வேண்டும்.